நடுக்கடலில் பட்ட கடன்: தெலுக் ஆயரில் நாகூர் ஆண்டவர்

நாகூரில் ஒரு நாவிதர், மீரான் சாஹிப் என்று அழைக்கப்படும் ஷாகுல் ஹமீதுக்குச் சவரம் செய்துகொண்டிருந்தாராம். பாதி முகம் ஆகியிருந்தது. திடீரென்று அவர் கையிலிருந்த கண்ணாடியை வாங்கிய மகான், சொல்லாமல் கொள்ளாமல் அதை வானத்தை நோக்கி வீசி எறிந்தார். போன கண்ணாடி போனதுதான். நாவிதர் திகைத்து நின்றார். சில நாள் கழித்து ஒரு கப்பல் கரைக்கு வந்தது. இறங்கிய மாலுமிகளின் கையில் அதே கண்ணாடி. புயலில் அடிபட்டுக் கப்பலின் அடிப்பலகையில் ஓட்டை விழுந்துவிட்டது. நீர் ஏற ஏற, நாகூர்ப் பெரியவரை நினைத்து நேர்ந்துகொண்டோம். எங்கிருந்தோ வந்த கண்ணாடி ஓட்டையில் கச்சிதமாய்ப் பதிந்து அடைத்துக்கொண்டது என்றார்கள்.

காற்றையும் கடலையும் சொன்னபடி கேட்க வைத்தவர் என்று தமிழ் மாலுமிகள் நானூறு ஆண்டுகளுக்கும் மேலாக நம்பிவரும் நாகூர் ஷாகுல் ஹமீதைப் பற்றிய கதைகளில் அதிகம் பரவியது இதுதான். இதன் கட்டுமானத்தைக் கவனியுங்கள். கண்ணாடி புறப்பட்டதைப் பார்த்தவர் நாவிதர். வந்து சேர்ந்ததைப் பார்த்தவர்கள் மாலுமிகள். முன்பின் அறியாத இரு சாட்சிகள். நடுவே ஒரு சான்றுப்பொருள். நீதிமன்றத்தில் நிற்கக்கூடிய அற்புதம்.

ஆனால் பிற்காலத்தில் சொல்லப்படும் வடிவங்களில் அந்தக் கப்பல் டச்சுக்காரருடையதாகிவிடுகிறது. அங்கேதான் ஆண்டுக்கணக்கு இடிக்கிறது. ஷாகுல் ஹமீது மறைந்தது 1570-இல். டச்சுக்காரரின் முதல் கப்பல்கள் ஆசியாவுக்குக் கிளம்பியதே 1595-இல்தான். நாகப்பட்டினத்தை அவர்கள் போர்ச்சுக்கீசியரிடமிருந்து பிடித்தது 1658-இல். மகான் வாழ்ந்த காலத்தில் அந்தத் துறைமுகத்தில் நின்ற ஐரோப்பியக் கப்பல் எதுவானாலும் போர்ச்சுக்கீசியருடையதாகத்தான் இருந்திருக்கும். இந்தப் பிழையைக் கண்டு சிரிப்பதற்கு ஒன்றுமில்லை. ஆய்வாளனுக்கு இது பெரிய உதவி. ஓட்டையும் கண்ணாடியும் மாறாமல் இருக்க, கப்பல் மட்டும் துறைமுகத்தை ஆண்டவருக்கு ஏற்பக் கொடியை மாற்றிக்கொண்டிருக்கிறது. கதையை வளர்த்தவர்கள் யார், எந்தக் காலத்தில் அது கைமாறியது என்பதற்கான தடயம் அந்தக் கொடிதான்.

அவர் வாழ்க்கை என்று நமக்குக் கிடைப்பதில் பெரும்பகுதி அடியவர்கள் எழுதியது. வடக்கே மாணிக்கப்பூரில் பிறப்பு. ஹிஜ்ரி 910, அதாவது 1504 என்பது பெருவழக்கு. 12-ஆம் நூற்றாண்டு பாக்தாத் ஞானி முகியித்தீன் அப்துல் காதிர் ஜீலானியின் வழித்தோன்றல். குவாலியரில் முகம்மது கௌஸிடம் ஞானப் பயிற்சி. பிறகு மக்கா, மாலத்தீவு, இலங்கை, காயல்பட்டினம் என்று நீண்ட சுற்று. உடன் 404 பக்கீர்கள். தஞ்சையில் நாயக்கர் அரசர் அச்சுதப்பருக்கு யாரோ வைத்த சூனியம் வாட்டியெடுக்க, மகான் ஒரு புறாவைக் கொண்டுவரச் சொல்கிறார். அதன் உடலில் ஊசிகள் குத்தியிருக்கின்றன. ஒவ்வோர் ஊசியாகப் பிடுங்கப் பிடுங்க அரசருக்கு வலி இறங்குகிறது. நன்றியாக அவர் கொடுத்த கடலோர மணல்வெளியில்தான் நாகூர் தர்கா எழுந்தது என்பார்கள். இன்றும் தர்காவில் புறாக்களைப் பறக்கவிடும் வழக்கம் அந்தக் கதையின் மிச்சம்.

இந்தப் பட்டியலில் நான் நின்று பார்க்க விரும்பும் இடம் குவாலியர். முகம்மது கௌஸ் சாதாரண ஆசிரியர் அல்லர். ஷத்தாரி மரபின் பெரிய ஞானி, ஹுமாயூனே மதித்தவர். கோள்களையும் இறைநாமங்களையும் இணைத்து ஓதும் முறைகளைத் தொகுத்து ‘ஜவாஹிரெ கம்ஸா’ எழுதியவர். ‘அமிர்தகுண்டம்’ என்ற யோக நூலைப் பாரசீகத்தில் ‘பஹ்ருல் ஹயாத்’ என்று விரித்து எழுதியவரும் அவரே; மூச்சை அடக்கி ஆளும் வித்தை அதில் விரிவாகவே வருகிறது. இசைமேதை தான்சேன் அடக்கமாகியிருப்பது கௌஸின் சமாதிக்குப் பக்கத்தில். உடம்புக்குள் ஓடும் காற்றைக் கட்டச் சொல்லிக்கொடுத்த ஒருவரின் மாணவர், கடலில் ஓடும் காற்றைக் கட்டியவராகச் சோழமண்டலக் கரையில் பெயர் எடுத்திருக்கிறார். இதைக் காரண காரியமாக நிறுவ முடியாது. ஆனால் ‘காற்றை ஆளும் ஞானி’ என்ற பேச்சு அந்த மரபுக்குப் புதிதல்ல என்று தைரியமாகச் சொல்லலாம்.

தமிழுக்கும் அது புதிதல்ல. புறநானூற்றின் 66-ஆம் பாட்டில் வெண்ணிக்குயத்தியார் கரிகாலனைப் புகழும்போது, காற்றை வேலை வாங்கிக் கடலில் கலம் ஓட்டிய ஒருவனின் வழியில் வந்தவனே என்று தொடங்குகிறார். அந்த முன்னோன் யார், எப்படி வேலை வாங்கினான் என்பதற்கு உரையாசிரியர்களும் அதிகம் உதவுவதில்லை. இஸ்லாமிய மரபிலோ காற்று கட்டுப்பட்டது நபி சுலைமானுக்கு. குர்ஆன் அதைச் சொல்கிறது. சிங்கப்பூரின் தேக்காவில் டன்லப் தெருவுக்குள் போனால் அப்துல் கபூர் பள்ளிவாசல் இருக்கிறது. 1907-இல் தொடங்கிய கட்டடம். அதன் முகப்பில் சூரியன் போன்ற ஒரு வேலைப்பாடு, 25 கதிர்கள், கதிருக்கு ஒன்றாக 25 நபிமார்களின் பெயர்கள் அரபு எழுத்தில். காற்றுக்கு ஆணையிட்ட சுலைமானும் அவர்களில் ஒருவர். கீழே பிரியாணிக்கு வரிசையில் நிற்பவர்கள் நிமிர்ந்து பார்த்து ஒவ்வொன்றாகப் படிப்பதில்லை என்பது வேறு விஷயம்.

நபிமார்களின் அற்புதம் வேறு, வலிமார்களின் கராமத்து வேறு, சூனியக்காரனின் வித்தை வேறு என்று ஆலிம்கள் கறாராகப் பிரிப்பார்கள். கரையில் அந்தப் பிரிவினை செல்லும். நடுக்கடலில் கிடப்பவனுக்கு அதையெல்லாம் பார்க்க நேரம் ஏது?

நாகைப் பக்கத்து மீனவர்களுக்குக் காற்று ஒற்றைச் சரக்கு அல்ல. வடக்கிலிருந்து வருவது வாடை, கிழக்கிலிருந்து கொண்டல், தெற்கிலிருந்து சோழகம், மேற்கிலிருந்து கச்சான். ஒவ்வொன்றுக்கும் ஒரு மாதம், ஒரு மீன், ஒரு குணம். வங்கக் கடலைத் தாண்டிய மரைக்காயர்களின் பாய்மரக் கப்பல்கள் இதே கணக்கைப் பெரிய அளவில் போட்டன. தென்மேற்குப் பருவக்காற்று கப்பலைக் கிழக்கே தள்ளும். வடகிழக்குப் பருவக்காற்று திருப்பிக் கொண்டுவரும். நடுவில் மலாக்கா நீரிணையில் காற்று செத்துக் கிடக்கும் நாட்கள் உண்டு. பாய் தொங்கும், தண்ணீர் தீரும். அக்டோபர் முதல் டிசம்பர் வரை சோழமண்டலக் கரைக்குத் திரும்புபவனுக்குப் புயல் ஆபத்து. காற்று அதிகமானாலும் சாவு, இல்லாமல் போனாலும் சாவு. அப்படிப்பட்ட தொழிலில் முதல் போட்ட சமூகத்துக்குக் காற்றிடம் பேசத் தெரிந்த ஒருவர் தேவைப்பட்டதில் வியப்பென்ன?

அவர்கள் கப்பலுக்கு இட்ட பெயர்களே இதைக் காட்டும். 1836 வாக்கில் நியூசிலாந்தின் வடபகுதியில் மிஷனரி வில்லியம் கொலென்சோ ஒரு வெண்கல மணியைப் பார்த்தார். மவோரிப் பெண்கள் அதில் உருளைக்கிழங்கு வேகவைத்துக்கொண்டிருந்தார்கள். அதைச் சுற்றித் தமிழ் எழுத்து; முகியித்தீன் பக்ஸ் என்பவரின் கப்பல் மணி என்று பொருள்படும் வாசகம். இப்போது அது வெலிங்டன் நகரின் தே பாப்பா அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அந்தப் பெயரில் இருப்பவர் நாகூராரின் மூதாதை என்று சொல்லப்படும் பாக்தாத் முகியித்தீன்தான். மணி எப்படி அவ்வளவு தெற்கே போனது என்பதற்கு ஊகங்கள் நிறைய. எதுவும் என்னை முழுதாகத் திருப்திப்படுத்தவில்லை.

நாகூரில் இன்று நிற்கும் ஐந்து மினாராக்களில் உயரமானது 131 அடி. கட்டியவர் தஞ்சை மராத்திய மன்னர் பிரதாப சிங், 1750-களில். இந்து அரசர் ஒருவர் முஸ்லிம் ஞானிக்குக் கோபுரம் எழுப்பியதை நல்லிணக்கச் சான்றாக மேடைதோறும் சொல்கிறோம், சரிதான். அதோடு இன்னொன்றையும் பார்க்க வேண்டும். அந்தக் கரை தட்டையானது. மலை இல்லை, மேடு இல்லை. 40 மீட்டர் உயரக் கட்டடத்தின் உச்சி, கடல்மட்டத்தில் கண் வைத்துப் பார்ப்பவனுக்கே ஏறத்தாழ 22 கிலோமீட்டரிலிருந்து தெரியும். பாய்மரத்தின் மேல் ஏறியவனுக்கு இன்னும் தொலைவிலிருந்து. கலங்கரை விளக்கம் வருமுன்பே நாகூராண்டவர் உண்மையிலேயே கப்பலுக்கு வழிகாட்டிக்கொண்டிருந்தார் என்பதில் மிகை எதுவும் இல்லை.

இந்தக் கப்பல்களோடுதான் அவர் கிழக்கே வந்தார். 1786-இல் பினாங்கு ஆங்கிலேயர் கைக்குப் போனது. அடுத்த சில பத்தாண்டுகளில் அங்கே நாகூர் தர்கா ஒன்று எழுந்தது. 1819-இல் சிங்கப்பூர். அப்போதைய கடற்கரை தெலுக் ஆயர். இன்று அலுவலகக் கோபுரங்களின் நிழலில் ஒடுங்கிக் கிடக்கும் அந்தத் தெருவின் விளிம்பில் அன்று அலை அடித்தது. படகுகள் அங்கேதான் ஆட்களை இறக்கின. 1827-இல் காதர்பிள்ளை என்பவருக்கு அங்கே நிலம் தரப்பட்டது, வேறு எந்தக் காரியத்துக்கும் பயன்படுத்தக்கூடாது என்ற நிபந்தனையோடு. 1828-க்கும் 1830-க்கும் இடையில் தர்கா கட்டி முடிந்தது. பக்கத்திலேயே சூலியா முஸ்லிம்களின் அல் அப்ரார் பள்ளிவாசல். ஓலைக் குடிசையாய்த் தொடங்கியதால் தமிழர் வாயில் அது குச்சுப்பள்ளி. வணிகர் நாராயண பிள்ளைக்கும் இந்துக் கோயிலுக்காக முதலில் தெலுக் ஆயரில்தான் இடம் கொடுத்தார்கள். நல்ல தண்ணீர் இல்லையென்று அவர் வேறிடம் கேட்டார். மாரியம்மன் சவுத் பிரிட்ஜ் சாலைக்குப் போனாள். அம்மனுக்கு நன்னீர் வேண்டியிருந்தது. நாகூராருக்கு உப்புநீரே போதும்.

தர்காவின் முன்னால் நின்று பார்த்தால் கட்டடம் இரண்டு மனதாக இருப்பது தெரியும். கீழே ஐரோப்பியச் சாயல்: அகன்ற வளைவுக் கதவுகள், சுவரோடு ஒட்டிய தூண்கள். கண்ணை மேலே ஏற்றினால் கைப்பிடிச் சுவர் உயரத்தில் ஒரு பொம்மை மாளிகை. சின்னச் சின்ன வளைவுகள், துளையிட்ட சன்னல்கள். மூலைகளில் அடுக்கடுக்காய் ஏறும் மினாராக்கள், நாகூரில் இருப்பவற்றைக் கைக்கு அடக்கமாகச் செய்ததுபோல. நாகூரைப் பார்த்த கண் வரைந்ததை, வெள்ளைக்காரர் பங்களா கட்டிப் பழகிய கை கட்டியிருக்க வேண்டும்.

ஆனால் இங்கே மகானின் உடல் இல்லை. அவர் சிங்கப்பூருக்கு வந்ததும் இல்லை. மறைந்து இரண்டரை நூற்றாண்டு கழித்துத்தான் இந்த ஊரே ஆங்கிலேயத் துறைமுகமாகிறது. தர்கா என்றால் அடக்கத்தலம். அடங்கியவர் இல்லாமல் ஒரு தர்கா எதற்கு? ‘தாயகத்து நினைவு’ என்று சுலபமாகப் பதில் சொல்லிவிட்டுப் போகலாம். அது பாதி உண்மை. என் கருத்தில் காரணம் இன்னும் கறாரானது. நடுக்கடலில் நேர்ந்துகொண்டவன் ஒரு கடனாளி. ‘கரை சேர்த்துவிடு, இன்னது தருகிறேன்’ என்று வாக்குக் கொடுத்துவிட்டான். கரை சேர்ந்தாயிற்று. நாகூருக்குத் திரும்பிக் கொடுக்கலாம் என்றால் காற்று மாற மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும்; திரும்பும் பயணத்தில் அதே புயலை, பழைய பாக்கியோடு எதிர்கொள்ள எவனுக்குத் துணிவு வரும்? நேர்ச்சையை இறங்கிய இடத்திலேயே தீர்க்க ஒரு வாசல் வேண்டியிருந்தது. தெலுக் ஆயர் தர்கா அந்த வாசல்.

நாகூரில் இன்றும் நேர்ச்சைக்குத் தகடுகள் விற்கிறார்கள். கை, கால், கண், வீடு, கப்பல் என்று உருவம் பதித்த மெல்லிய தகடுகள். கால் குணமானவன் கால் வாங்கிப் போடுவான். கப்பல் தகடு வாங்குபவன் எதைக் கடந்து வந்திருப்பான் என்று விளக்க வேண்டியதில்லை.

தெலுக் ஆயர் வாசலுக்குப் பக்கத்து வீட்டில் அதே வேலையைச் செய்துகொண்டிருந்தவள் மாசூ. ஒரு சின்னப் பூங்காவைத் தாண்டினால் தியான் ஹோக் கெங் கோயில். ஹொக்கியன் சீனர்கள் 1839 முதல் 1842 வரை கட்டியது. சீனாவிலிருந்து மாசூவின் சிலை 1840-இல் வந்து இறங்கியது. மாசூவும் ஒரு காலத்தில் மனுஷிதான் என்பது மரபு: 960-இல் ஃபூசியன் கடலோரத்தில் மெய்சோ தீவில் பிறந்த லின் என்ற குடும்பத்துப் பெண், இளவயதில் இறந்து கடலோடிகளின் தெய்வமானவள். வீட்டில் தறியருகே மயங்கிக் கிடந்தபடியே நடுக்கடலில் மூழ்கும் உறவினரைக் காப்பாற்றியதாகக் கதை. நாகூரில் சவரம் செய்துகொண்டே கப்பலைக் காத்த கதைக்கு அக்காள் முறை. இரண்டிலும் ஞானி கரையில் அன்றாட வேலையில் இருக்கிறார். கை மட்டும் கடலுக்கு நீள்கிறது.

ஒரு வேடிக்கை. சீனத்துக் கப்பல்கள் சிங்கப்பூருக்கு வர வடகிழக்குக் காற்று வேண்டும். சோழமண்டலக் கப்பல்கள் வரத் தென்மேற்குக் காற்று. போகும்போது இருவருக்கும் எதிராளியின் காற்று தேவை. ஒரே தெருவில் அடுத்தடுத்து இருந்த இரண்டு வாசல்களிலும் ஒரே நாளில் நேரெதிரான வேண்டுதல்கள் ஏறியிருக்கும். ஆறு மாதத்துக்கு ஒருமுறை இருவர் வேண்டுதலும் பலித்துக்கொண்டே இருந்ததால் பகை வரவில்லை போலும்.

கடன் வசூலின் உச்சத்தைப் பார்க்க வேண்டுமென்றால் தெலுக் ஆயரிலிருந்து சிறிது தெற்கே பாமர் சாலைக்குப் போக வேண்டும். அங்கே ஹபீப் நூஹின் அடக்கத்தலம். ஹள்ரமௌத் அரபு வம்சத்தவர். பினாங்கிலிருந்து சிங்கப்பூர் வந்தார். 1866 ஜூலை 27-இல் மறைந்தார். புயலில் சிக்கிய கப்பலில் பிறந்ததால்தான் நூஹ் நபியின் பெயர் என்பார்கள். ஓர் இந்திய வணிகர் கடலில் தத்தளித்தபோது, பிழைத்தால் ஹபீப் நூஹுக்கு இன்னது தருவதாக மனத்துக்குள் நேர்ந்துகொண்டாராம். சிங்கப்பூரில் கால் வைத்ததும், யாரிடமும் சொல்லாத அந்த நேர்ச்சையை ஹபீப் நூஹே எதிரில் வந்து கேட்டு வாங்கினாராம். வாங்கியதை ஏழைகளுக்குக் கொடுத்துவிடுவது அவர் வழக்கம். நாகூராருக்கு இங்கே கட்டடம் வேண்டியிருந்தது. ஹபீப் நூஹ் உயிரோடு இருந்தவரை கட்டடம் கூட வேண்டாம், அவரே நடமாடும் உண்டியல். 1890-இல் சையது முகமது அல்சகோப் அவர் அடக்கத்தின் மேல் கட்டடம் எழுப்பினார்.

மலாய்க்காரர்களுக்குக் காற்றைக் கூப்பிடும் தனி ஆட்களே இருந்தார்கள், பாவாங் என்பார்கள். டபிள்யூ. டபிள்யூ. ஸ்கீட் 1900-இல் வெளியிட்ட மலாய் மந்திர நூலில் காற்றுக்கும் வானிலைக்குமான மந்திரங்களுக்குத் தனிப் பகுதி உண்டு. மழை வராமலிருக்க மிளகாயையும் வெங்காயத்தையும் குச்சியில் செருகி மண்ணில் நட்டு வைப்பவர்களை இன்றைய சிங்கப்பூரிலும் பார்க்கலாம். திறந்தவெளிக் கல்யாண விருந்தென்றால் பொறியாளர் வீட்டிலும் நடக்கும். இவற்றையெல்லாம் அறிவீனம் என்று அன்றே சாடியவர் முன்ஷி அப்துல்லா. மலாய் நவீன உரைநடையின் தந்தை என்று போற்றப்படும் அவருடைய பாட்டனாரின் தந்தை, யேமனிலிருந்து வந்து குடியேறிப் பெண் எடுத்த ஊர் நாகூர். மலாக்காவில் சிறுவனாக இருந்தபோது அப்துல்லா தமிழும் படித்தார். அது வணிகத்தின் மொழி. நாகூர் வழிவந்த ரத்தம் நாகூராரின் கராமத்துகளைப் பாடியது. மூடநம்பிக்கையைத் திட்டியதும் அதே ரத்தம்.

பாடியதற்கு அச்சில் சான்று இருக்கிறது. சிங்கப்பூரில் அச்சான தமிழ் நூல்களில் இன்று கிடைப்பவற்றுள் மிகப் பழையதாகக் கருதப்படுவது ‘முனாஜாத்துத் திரட்டு’, 1872. இறைவனிடமும் நல்லடியார்களிடமும் இறைஞ்சும் பாடல்களின் தொகுப்பு. எழுதியவர் நாகூர் முகம்மது அப்துல் காதிர் புலவர். சிங்கப்பூர்த் தமிழ் இலக்கிய வரலாறு என்று நாம் எழுதிப் பெருமைப்படும் கதையின் முதல் ஏட்டில் இருப்பது இறைஞ்சல்தான், அதுவும் நாகூர்க்காரரின் இறைஞ்சல். இலக்கிய வரலாற்றாசிரியர்கள் அதை ஒரு வரியில் கடந்து, 1887-இல் தொடங்கிய ‘சிங்கை நேசன்’ இதழுக்குத் தாவிவிடுவது எனக்கு எப்போதும் உறுத்தும்.

1872-க்குள் உலகம் மாறத் தொடங்கியிருந்தது. 1869-இல் சூயஸ் கால்வாய் திறந்தது. நீராவிக் கப்பல் காற்றைக் கேட்டுக் கிளம்புவதில்லை. 1879 முதல் 1887 வரை தெலுக் ஆயர் கரையைத் தூர்த்தார்கள்; கடல் தர்காவின் வாசலை விட்டுப் போனது. காற்று தொழிலிலிருந்து ஓய்வு பெற்றுவிட்டது. காற்றை ஆண்டவருக்கு மட்டும் வேலை குறையவில்லை. நேர்ச்சையின் பொருள் மாறியது, அவ்வளவுதான். 1926 முதல் சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் என்று ஓடிய ‘ரஜூலா’ கப்பலின் மேல்தளத்தில் பாயை விரித்துப் படுத்து வந்தவர்களுக்குப் பாய்மரம் பற்றிக் கவலை இல்லை. சிராங்கூன் சாலையில் வேலை கிடைக்குமா, கங்காணி ஏமாற்றாமல் இருப்பானா, ஊருக்குப் பணம் போய்ச் சேருமா என்பவைதாம் கவலைகள். கப்பல் ஏறுமுன் நாகூரில் ஒரு ஃபாத்திஹா ஓதிவிட்டு வருவது முஸ்லிம்களோடு நிற்கவில்லை. நாகப்பட்டினத்தில் ஏறிய இந்துக்களுக்கும் நாகூர் வழியில்தான் இருந்தது. ‘ரஜூலா’ 1973-இல் ஓய்வு பெற்றது. பின்னால் வந்த ‘சிதம்பரம்’ 1985-இல் தீக்கிரையானதோடு அந்தக் கடல்வழிப் பயணிகள் சகாப்தமே முடிந்தது. பிறகு விமானம்.

எதிர்ப்பும் கூடவே வந்தது. அல்லாஹ்விடம் மட்டுமே கேட்க வேண்டும், அடக்கத்தலத்தில் கேட்பது இணைவைப்பு என்ற வாதம் தமிழ் முஸ்லிம்களிடையே 20-ஆம் நூற்றாண்டில் வலுத்தது. 1980-களுக்குப் பிறகு ஊருக்கு ஊர் பிளந்தது. சிங்கப்பூரில் அந்தப் பிளவு மேடையேறிக் கத்தவில்லை. கட்டடத்தின் வேலை மாறியதில் அது எதிரொலித்தது என்று நினைக்கிறேன். 1974-இல் தர்கா தேசிய நினைவுச் சின்னமானது. 1998-இல், கட்டடம் பலவீனமானதால் மூடப்பட்டது. நீண்ட சீரமைப்புக்குப் பின் 2011-இல் ‘நாகூர் தர்கா இந்திய முஸ்லிம் மரபுடைமை நிலையம்’ என்ற பெயரோடு திறந்தது. நேர்ச்சை தீர்க்கும் வாசல் வரலாறு பார்க்கும் வாசலானது. இதை இழப்பு என்று ஒரேயடியாகப் புலம்ப நான் தயாரில்லை. இடிந்து விழுந்திருந்தால் யாருக்கும் எதுவும் மிஞ்சியிருக்காது. மரபுடைமை என்ற சொல்லின் கீழ் நம்புகிறவரும் மறுப்பவரும் ஒரே கூரையில் நிற்க முடிகிறது. ஆனால் அருங்காட்சியகத்தில் யாரும் யாருக்கும் கடன்பட்டிருப்பதில்லை.

காற்று மட்டும் எந்தச் சட்டத்துக்கும் அடங்கவில்லை. ஏப்ரல் முதல் நவம்பர் வரை, பெரும்பாலும் விடியுமுன், நீரிணையைத் தாண்டி வரும் சுமத்ராக் காற்று மணிக்கு 40 முதல் 80 கிலோமீட்டர் வேகத்தில் அடித்துவிட்டுப் போகும். 1984 ஏப்ரல் 25-இல் சிங்கப்பூரின் தெங்காவில் பதிவான வேகம் 144.4 கிலோமீட்டர். பூமத்திய ரேகையை ஒட்டிய இடத்தில் புயல் சுழலாது என்பது பாடப்புத்தகம். 2001 டிசம்பர் 27-இல் வாமெய் புயல் சிங்கப்பூருக்குச் சற்று வடகிழக்கே ஜொகூரில் கரையேறிப் பாடப்புத்தகத்தைத் திருத்த வைத்தது. மூன்று ஆண்டு கழித்து, 2004 டிசம்பர் 26-இல், காற்றே இல்லாத காலையில் கடல் எழுந்தது. நாகப்பட்டினம் மாவட்டத்தில் மட்டும் 6,000-க்கு மேற்பட்டோர் இறந்தார்கள். நாகூர் தர்கா வீடிழந்தவர்களுக்குக் கதவைத் திறந்தது. இறந்தவர்களின் மதம் கேட்காமல் புதைக்க இடம் கொடுத்தது. மகான் ஏன் அலையைத் தடுக்கவில்லை என்று அன்று கேட்டவர்களும் உண்டு. தர்காவுக்குள் நீர் வரவில்லையே என்று பதில் சொன்னவர்களும் உண்டு.

நாகூராருக்கு உடலில்லா வாசல் இன்னொன்றும் இருக்கிறது, இலங்கையின் கிழக்குக் கரையில் கல்முனையில். கடற்கரைப் பள்ளி என்பது பெயர். பெயருக்கேற்ப மணலில், அலைக்கு எதிரே நிற்கிறது. சுனாமியில் அம்பாறை மாவட்டம் 10,000-க்கு மேற்பட்டோரைப் பறிகொடுத்தது. கல்முனைக் கரை அதில் மோசமாக அடிபட்ட இடங்களில் ஒன்று. அதன் பிறகும் ஆண்டுதோறும் நாகூர்க் கந்தூரித் திருவிழாவோடு சேர்ந்து அங்கே கொடி ஏறுகிறது. படகுக்காரர்கள் வந்து நேர்ச்சை செலுத்துகிறார்கள். கல்முனையிலும் சீர்திருத்தவாதிகள் இருக்கிறார்கள், வாதம் இருக்கிறது. ஆனால் வாசலிலிருந்து பார்த்தால் கடலும் தெரிகிறது. தெலுக் ஆயர் தர்காவுக்கு முன்னாலிருந்த கடலோ ஒரு கிலோமீட்டருக்கு மேல் தள்ளிப் போய்விட்டது. தேக்காவிலிருந்து அங்கே போகும் டௌன்டவுன் தடத்துப் பெருவிரைவு ரயில், லிட்டில் இந்தியாவில் ஏறியவரை பேஃப்ரண்ட் வழியாக, ஒரு காலத்தில் கப்பல்கள் நங்கூரமிட்டிருந்த கடற்பரப்பின் மேல் கொட்டிய மண்ணுக்கடியில் ஓட்டிக்கொண்டுபோய்த் தெலுக் ஆயரில் இறக்கிவிடுகிறது.